ஆறாவது டிராக்

ஏசியை அணைத்துவிட்டார்கள். அதன் உறுமல் மைக்கில் ஏறுகிறதாம். முப்பத்தைந்து வருஷம் இதே காரணத்தைச் சொல்லி ஊரில் உள்ள பாட்டுக்காரர்களையெல்லாம் வேர்க்க வைத்த ரிக்கார்டிங் இன்ஜினியர் வேதமூர்த்திக்கு இன்று தன் முறை. சட்டையின் இரண்டாவது பொத்தானுக்குப் பின்னால் மிளகளவு மைக் ஒன்றைச் செருகிவிட்டு, "சார், லெவலுக்கு ஏதாவது பேசுங்க" என்றார் ஒலிப்பதிவுக்காரர். என்ன பேசுவது? எத்தனை பேரை இப்படிக் கேட்டிருப்போம், எல்லோரும் ஒன்று இரண்டு மூன்று என்றுதானே சொன்னார்கள், மணிக்கணக்கில் ராகம் பாடுகிற மனுஷனுக்கு இதைத் தவிர வேறு பேச்சு வரவில்லையே என்று கண்ணாடிக்கு இந்தப் பக்கம் உட்கார்ந்து எவ்வளவு இளக்காரமாகச் சிரித்திருக்கிறோம். "ஒண்ணு, ரெண்டு, மூணு" என்றார் வேதமூர்த்தி. எதிரே கன்சோல் மேஜை. விரலால் மேலே தள்ளினால் சத்தம் ஏறவும் கீழே இழுத்தால் இறங்கவும் பதினாறு ஃபேடர்கள், டேப்பில் தனித்தனியாகப் பதிந்த பதினாறு டிராக்குக்கும் ஒவ்வொன்று. ஒவ்வொன்றின் அடியிலும் வெள்ளைப் பட்டை ஒட்டி அதில் எந்த வாத்தியம் என்று எழுதியிருந்தது. ரெஹானா எழுதியது. படம் எடுக்கிற பெண் அவள்தான், முப்பது வயது இருந்தால் அதிகம். படம் வேதமூர்த்தி பதிந்த 'தண்ணீர் லாரி' கேசட்டைப் பற்றி. அது வெளிவந்தபோது பிறந்துகூட இருக்கமாட்டாள், இன்று அதன் ஏழு பாட்டும் அவளுக்கு மனப்பாடம். பழைய டேப் டப்பாவுக்குள் இருந்த தாளைப் பார்த்து அப்படியே எழுதியிருந்தாள், அந்தத் தாளில் இருந்தது வேதமூர்த்தியின் கையெழுத்து. ஆறாவது ஃபேடரின் அடியில் 'பாஸ் கித்தார் - நார்மன்'. அவர் மற்ற பதினைந்தையும் பார்த்தார், பிறகு விளக்குக் கம்பத்தைப் பார்த்தார், பிறகு தன் கைவிரல்களைப் பார்த்தார், கண் மறுபடியும் ஆறில்தான் போய் நின்றது. நார்மன் வர இன்னும் அரைமணி ஆகும் என்றார்கள்.

"வெளிநாட்டு டாக்குமெண்டரில எல்லாம் வருமே சார், ஒரு ஃபேமஸ் ஆல்பத்த எப்படிப் பண்ணாங்கன்னு, இன்ஜினியரும் பிளேயரும் பக்கத்துல பக்கத்துல உக்காந்து ஒவ்வொரு டிராக்கா தனியா ஏத்திக் கேப்பாங்களே, அந்த மாதிரி ஒரு சீன்" என்று ரெஹானா போனில் சொன்னபோது, அப்படியா, அந்த மாதிரியெல்லாம் வருமா என்று ஒன்றும் தெரியாதவர் போலக் கேட்டுக்கொண்டார். தெரியாதா அவருக்கு? அந்த ஜாதிப் படங்களில் அவர் பார்க்காதது ஒன்று பாக்கி இருக்குமா? முதலில் டிவிடியில், டிவிடி தேய்ந்த பிறகு கம்ப்யூட்டரில், இருபது வருஷமாக இதே வேலை. எல்லாவற்றிலும் ஒரு கிழவன் வருவான், வெள்ளைக் குடுமியோ வெள்ளைத் தாடியோ ஏதோ ஒன்று இருக்கும், உலகம் பூராவும் கோடிப் பேர் கேட்ட பாட்டை எதிரே வைத்துக்கொண்டு ஒரு ஃபேடரை மட்டும் நிறுத்தி மற்றதையெல்லாம் இறக்கிவிடுவான். அத்தனை கித்தாரும் அத்தனை டிரம்ஸும் பட்டென்று காணாமல் போய் ஒரே ஒரு குரல் மட்டும் துணியில்லாமல் நிற்கும். கிழவன் சிரிப்பான். "கேட்டீர்களா, இங்கே நாற்காலி கிறீச்சிடுகிறது" என்பான். "இங்கே இருமுகிறான்" என்பான். ஏதோ பொக்கிஷத்தைத் திறந்து காட்டுகிற மாதிரி. "ஒரே பாட்ட எத்தன தடவதான் கழட்டிக் கழட்டி மாட்டுவானுங்க இவனுங்க, வேற பொழப்பே இல்லையா?" என்பாள் விசாலம், ஆவி பறக்கும் காப்பியைப் பக்கத்தில் வைத்தபடியே. முப்பத்தெட்டு வருஷம் குடித்தனம் பண்ணியவளிடமும் அவர் காரணத்தைச் சொன்னதில்லை. அந்தக் கிழவன் ஃபேடரைத் தள்ளுகிற ஒவ்வொரு தடவையும் அவர் படத்தை நிறுத்துவார், மறுபடி ஓடவிடுவார், ஆனாலும் பார்க்காமல் இருக்க முடியாது, ஆறிய புண்ணைச் சொறிகிற மாதிரிதான். நம் டேப்பையும் ஒருநாள் யாராவது இப்படித் திறப்பார்களோ? சேச்சே, நம்மை யார் தேடப் போகிறார்கள், வெளிவந்த வருஷம் முந்நூறு கேசட்கூடப் போகவில்லை. டேப் எங்கேயாவது பூஞ்சை பிடித்துக் கிடக்கும், நல்லதாய்ப் போயிற்று. அப்படித்தான் கிடந்ததாம். ரெஹானா அதைக் கண்டுபிடித்து, பம்பாய்க்கு அனுப்பி, அங்கே மிதமான சூட்டில் எட்டு மணி நேரம் வாட்டி ஈரத்தை எடுத்து, பதினாறு டிராக்கையும் பழுதில்லாமல் கம்ப்யூட்டருக்குள் ஏற்றிவிட்டாள். கெட்டிக்காரப் பெண்.

யாரோ ஒரு விளக்கைப் போட்டார்கள், கண் கூசியது. சனிக்கிழமையும் இப்படித்தான் ஏசி இல்லாமல் புழுங்கியது. எந்தச் சனிக்கிழமை என்று கேட்டால், அந்தச் சனிக்கிழமைதான், வேறு சனிக்கிழமைகள் எல்லாம் அவருக்கு மறந்துவிட்டன. இதே சாலிகிராமத்தில், இரண்டு தெரு தள்ளி, இப்போது திருமண மண்டபமாகிவிட்ட பழைய ஸ்டூடியோ. நார்மன் பெரம்பூர் ரயில்வே ஷாப்பில் ஃபிட்டர், அரை நாள் லீவு சொல்லிவிட்டு, கழுவியும் போகாத கிரீஸ் நகத்தோடு பாஸ் கித்தாரைச் சுமந்து வந்திருந்தான். ஸ்டீல் நாற்காலியில் முழங்கால் இரண்டையும் பள்ளிக்கூடப் பிள்ளை போலச் சேர்த்து வைத்துக்கொண்டு கண்ணை மூடினான். 'தண்ணீர் லாரி' பாட்டுக்கு டிரம்ஸ் முந்தின வாரமே பதிவாகிவிட்டது, ஹெட்ஃபோனில் அதைக் கேட்டுக்கொண்டு வாசிக்க வேண்டும். வாசித்தான். டிரம் விழும், ஒரு மயிரிழை கழித்து இவன் விரல் விழும். விழும், விழும். ஒவ்வொரு தடவையும் அதே மயிரிழை. கண்ணாடிக்கு இந்தப் பக்கம் ஜெயசீலன், பாட்டு எழுதியதும் பாடியதும் அவன்தான், இன்றைக்கு மெல்பர்னில் வீடு வாசலோடு இருக்கிறான், நகத்தைக் கடித்துக்கொண்டே சொன்னான், "பாஸ் இழுக்குது மூர்த்தி. அவங்கிட்ட சொன்னா இன்னும் பயந்துக்குவான். நீ பாத்து ஏதாவது பண்ணு." ஏதாவது. அவ்வளவுதான் சொன்னான், பிற்பாடு என்ன பண்ணினாய் என்று ஒருநாளும் கேட்கவில்லை. பஸ்ஸில் கூட்டம் என்று நார்மன் கித்தாரை ஸ்டூடியோவிலேயே வைத்துவிட்டுப் போனான். மறுநாள் ஞாயிறு, அவன் மாதா கோயிலில் முழங்கால் போட்டுக்கொண்டிருந்த அதே நேரம், காலை ஒன்பதரை, வேதமூர்த்தி அந்தக் கித்தாரை எடுத்து மடியில் வைத்துக்கொண்டார். அவர் மட்டும் என்ன, மூன்று வருஷம் லைட் மியூசிக் மேடையில் பாஸ் வாசித்தவர்தானே. அதே கித்தார், அதே துருப்பிடித்த தந்தி, அதே சத்தம். பதினாறு டிராக்கும் நிரம்பிவிட்டது, புதிதாகப் பதிய இடம் இல்லை, ஆறின் மேலேயேதான் பதிய வேண்டும். சிவப்புப் பொத்தானை அமுக்கினார். அதில் இருந்த நார்மனின் வாசிப்பை அழிக்கிறோம் என்ற நினைப்பே இல்லை, மேஜை துடைக்கிற மாதிரிதான் இருந்தது. நாற்பது நிமிஷத்தில் காரியம் முடிந்து எதிர்க்கடையில் பொங்கல் சாப்பிடப் போய்விட்டார், அதில் முந்திரி ஜாஸ்தி இருந்தது ஞாபகம் இருக்கிறது. கேசட் வந்த அன்று நார்மன் வாக்மேனைக் காதில் மாட்டிக்கொண்டு கேட்டான், முழுசாகக் கேட்டான், இரண்டு தடவை கேட்டான். "நானா மேன் இப்படி வாசிச்சேன்?" என்றான். "வேற யாரு?" என்றார் வேதமூர்த்தி. அவன் முகம் அப்போது மலர்ந்த மலர்ச்சி இருக்கிறதே, அதைப் பார்த்துத் தான் செய்தது தர்மகாரியம் என்றே அவர் நினைத்துவிட்டார்.

வருத்தம் உடனே வந்துவிட்டதா என்றால் இல்லை, அதுதான் வெட்கம். முதல் பதினைந்து வருஷம் பெருமைதான் பட்டார். கேசட்டிலிருந்து கேசட்டாகப் பதிந்து, ஹாஸ்டல் ஹாஸ்டலாகப் போய், அந்தப் பாட்டுக்கு மெல்ல ஒரு பேர் வந்துவிட்டது. "பாஸுக்காகவே கேக்கலாம் சார்" என்று எவனாவது சொன்னால் உள்ளே ஒரு குரங்கு குட்டிக்கரணம் போடும். வெளியே, "நார்மன் நல்லா வாசிச்சிருப்பாப்ல" என்பார். தியாகி! பிறகு ஒரு மத்தியானம், விசாலம் ரேஷன் கடைக்குப் போயிருந்தாள், அந்தப் படங்களில் ஒன்று ஓடிக்கொண்டிருந்தது, தாடிக் கிழவன் ஒருத்தன் சொன்னான், இந்தப் பாட்டில் டிரம்மர் கொஞ்சம் தாமதமாகத்தான் அடிக்கிறான், நாங்கள் அதைத் திருத்திப் பார்த்தோம், எல்லாம் சரியாகிவிட்டது, பாட்டு செத்துவிட்டது, அதனால் பழையதையே திரும்ப வைத்தோம். திரும்ப வைத்தோம் என்றான். வேதமூர்த்தி படத்தை நிறுத்திவிட்டுப் பரணில் ஏறி 'தண்ணீர் லாரி' கேசட்டை எடுத்துப் போட்டுக் கேட்டார். தெருவில் குடத்தை வரிசை வைத்துவிட்டு லாரிக்காகக் காத்துக் கிடக்கிற சனங்களைப் பற்றிய பாட்டு. வரும் வரும் என்று பார்த்து வராத லாரி. அதில் பாஸ் ஒரு மயிரிழை தாமதமாக வராமல் வேறெப்படி வரும்? கண்ணை மூடிக்கொண்டு வாசித்த அந்த ஃபிட்டருக்கு அது தெரிந்திருக்கிறது, அல்லது தெரியாமலே விரலில் இருந்திருக்கிறது, காது காது என்று பீற்றிக்கொண்ட தனக்குத்தான் தெரியவில்லை. அவர் லாரியைச் சொன்ன நேரத்துக்குக் கொண்டுவந்து நிறுத்தியிருந்தார். இந்த வருத்தம் அன்றைக்குப் பிடித்தது. பாத்திரம் துலக்கும்போதும் பஸ்ஸுக்கு நிற்கும்போதும் நார்மனின் அந்த வாசிப்பை மனசுக்குள் ஓட்டிப் பார்ப்பார், டிரம் விழும், இதோ, இதோ என்று காத்திருப்பார், வந்து விழுவது தன் விரலாகத்தான் இருக்கும். மொத்தமே இரண்டு தடவைதானே கேட்டது. நிஜமாகவே அவ்வளவு நன்றாக இருந்ததா, இல்லை தொலைத்த பிறகு தங்கமாகிவிட்டதா? ஜெயசீலன் சொன்னதே சரியோ, வெறும் இழுவையோ? அதைச் சரிபார்க்கவும் வழியில்லாமல் செய்தவன் யார்? நீதானே. பாவி, ஒரு டிராக் மிச்சம் வைத்திருக்கக் கூடாதா, தாளம் தட்டிய அந்த உதவாக்கரை டம்போரினை அழித்திருக்கக் கூடாதா.

ஆனால் இன்றைக்கு ஒரு வழி இருக்கிறது. செவ்வாய்க்கிழமை ராத்திரி முழுக்கப் புரண்டு யோசித்துக் கண்டுபிடித்த வழி. படத்தோடு சேர்த்துப் பாட்டுகளைப் புதிதாக மிக்ஸ் செய்து வெளியிடப் போகிறார்கள், அதைச் செய்யப் போவது வேதமூர்த்தி. நார்மனை இன்று அதே பாட்டுக்கு மறுபடி வாசிக்க வைத்துப் பதிந்துகொண்டால், அதை ஆறாவதில் வைத்துவிடலாம். ஒருத்தருக்கும் தெரிய வேண்டாம். நார்மன் பேர் எழுதிய பட்டையின் மேலே நார்மன் இருப்பான், லாரி மறுபடியும் தாமதமாக வரும், தானும் அந்தக் கிழவர்கள் மாதிரி திரும்ப வைத்தவன் ஆகலாம். "கித்தார மறக்காம கொண்டா" என்று போன் பண்ணிச் சொல்லியாயிற்று. ஒரே ஒரு கண்டம் இருக்கிறது. அதற்கு முன்னால் பழைய ஆறாவதைத் தனியாக ஏற்றிக் கேட்பார்கள். கூட்டத்தோடு கூட்டமாக இருந்தவரை யார் வாசித்தார்கள் என்று கேசட்டில் தெரியவில்லை சரி, தனியாக நின்றால்? தன் விரலைத் தனக்குத் தெரியாதா? வேதமூர்த்திக்கு ஒரு கெட்ட பழக்கம், தந்தி மாறும்போது ஆள்காட்டி விரலைத் தேய்த்து எடுப்பார், 'கீச்' என்று சின்னதாக ஒரு சத்தம் வரும். மேடையில் வாசித்த காலத்திலேயே ஆர்க்கெஸ்ட்ரா மாஸ்டரிடம் இதற்காகத் திட்டு வாங்கியிருக்கிறார். அந்தக் கீச் தனியாகக் கேட்குமே. நார்மன் நெற்றியைச் சுருக்கி, இது நான் இல்லையே என்பானே, கேமரா ஓடிக்கொண்டிருக்குமே. நாமே முந்திக்கொண்டு சொல்லிவிட்டால்? நார்மன், ஒரு விஷயம். நார்மன், நீ கோயிலுக்குப் போயிருந்தப்ப. நார்மன், அப்ப நமக்கு என்ன வயசு. எந்த வாக்கியத்தை எடுத்தாலும் நார்மனைத் தாண்டி நகரவில்லை. பவுடர் போட்ட நெற்றியில் வேர்வை கோடு போட்டு இறங்கியது.

"என்னா மேன் மூர்த்தி, மாப்பிள்ளை கணக்கா பவுடர்லாம் அப்பி வுட்ருக்காங்க!" கதவைத் தோளால் தள்ளிக்கொண்டு நார்மன் வந்தேவிட்டான். அறுபத்தாறு வயது, தலை பூராவும் பஞ்சு, கால் லேசாக விந்துகிறது, முதுகில் அதே கித்தார். ரிடையரான பிறகு பெரம்பூரில் வீட்டு முன்னறையிலேயே பிள்ளைகளுக்குப் பாஸ் சொல்லித்தருகிறான். கேட் அருகே 'தண்ணீர் லாரி புகழ்' என்று போர்டு வைத்திருப்பதாகக் கேள்வி. ரெஹானா அவனைப் பக்கத்து நாற்காலியில் உட்கார்த்தி, மைக் செருகி, "நார்மன் அங்கிள், கேமராவப் பாக்காதீங்க, சார்கிட்டயே பேசுங்க" என்றாள். ஆரம்பித்தார்கள். வேதமூர்த்தி ஒன்றாவது ஃபேடரைத் தள்ளினார், டிரம்ஸின் பெரிய மத்தளம். இரண்டு, மூன்று, நான்கு, ஐந்து. வாய் என்னவோ பேசிக்கொண்டே இருந்தது, இது அந்த மைக், அது இந்த மைக் என்று. ஆறுக்கு வந்ததும் கை நின்றது. "இது என்னுது மேன்" என்று நார்மனே விரலை நீட்டி, மற்றதையெல்லாம் இறக்கிவிட்டு, ஆறை மேலே தள்ளினான். வந்தது. கூடு திறந்த மாதிரி வந்தது. வேதமூர்த்திக்குத் தன் முப்பது வயது விரல்கள் கேட்டன, நறுக்கு நறுக்கென்று, ஒரு இடத்திலும் பிசகில்லாமல், நடுவில் கீச், மறுபடி கீச். அவர் நார்மனின் முகத்தைப் பார்க்காமல் காதை மட்டும் அவன் பக்கம் வைத்துக்கொண்டிருந்தார். நார்மன் கண்ணை மூடித் தலையாட்டினான். கண்ணோரம் ஈரமாக இருந்தது. "பாத்தியாம்மா," என்றான் ரெஹானாவிடம், கேமராவையும் மறந்து, "ஒரு எடத்துல இழுக்குதா பாரு. கம்பி மாரி நிக்குது."

தெரியவில்லை. அவனுக்குத் தெரியவேயில்லை. தப்பித்தோம் என்று மூச்சு வந்தது, கூடவே ஏன் தெரியவில்லை என்று ஒரு ஏமாற்றமும் வந்தது, மனசு என்ன ஜென்மமோ. அதற்கெல்லாம் இப்போது நேரமில்லை. "நார்மன், அந்த டிரம்ஸ மட்டும் போடறேன், ஒரு தடவ கூட வாசியேன்" என்றார் வேதமூர்த்தி. "பதிஞ்சு வெச்சுக்கலாம். கேசட்டையெல்லாம் நெனைக்காத. ஒங்கைக்கு எப்படி வருதோ அப்படி வாசி." ரெஹானா சந்தோஷத்தில் கையைத் தட்டப்போய் மைக்கை நினைத்து நிறுத்திக்கொண்டாள். நார்மன் கித்தாரை எடுத்து மடியில் வைத்து முழங்கால் இரண்டையும் சேர்த்துக்கொண்டான், கண்ணை மூடினான். அதே உட்கார்தல். இருக்கிறது, உடம்பில் அப்படியே இருக்கிறது, அது எங்கே போகும். டிரம் விழுந்தது. அவர் அந்த மயிரிழைக்காகக் காதைத் தீட்டிக்கொண்டு காத்திருந்தார்.

மயிரிழை இல்லை. டிரம்மும் தந்தியும் ஒன்றாக விழுந்தன. அடுத்ததும் ஒன்றாக. முதல் வரியில் கூச்சமாக இருக்கும், இரண்டாவது வரியில் தளர்வான் என்று காத்திருந்தார். இரண்டாவது வரியும் கம்பி மாதிரி நின்றது. பிறகு தந்தி மாறும் இடம் வந்தது, நார்மனின் ஆள்காட்டி விரல் தேய்ந்து எழுந்தது, கீச். வேதமூர்த்தி நிமிர்ந்து அந்தக் கையைப் பார்த்தார். கிரீஸ் எல்லாம் போய்ச் சுத்தமான நகம். அது நார்மன் கைதான், வாசித்துக்கொண்டிருந்தது அவர். "அங்கிள், செம! அந்த ஸ்க்வீக்கோட அப்படியே இருக்கு" என்றாள் ரெஹானா. "இருக்காதா பின்ன?" என்று நார்மன் சிரித்தான். "ஒனக்குத் தெரியாதும்மா, நான் அப்பல்லாம் இழுத்துனு வாசிப்பேன். பேண்ட்ல அத்தினி பேரும் கிண்டல் பண்ணுவானுங்க. கேசட் வந்துச்சா, கேட்டா, எனக்கே நம்ப முடியலை. சரி, அன்னைக்கி ஒரு நாளு கர்த்தர் புண்ணியத்துல கை ஒழுங்கா வந்திருக்கு, இத வுடக்கூடாதுன்னு, ஷிஃப்ட் முடிஞ்சு வந்து டெய்லி அந்தக் கேசட்டப் போட்டு கூடவே வாசிப்பேன். நாலு வருஷம். மூணு கேசட் தேஞ்சுது. அந்தக் கீச்சு வர்றதுக்கே ஆறு மாசம் ஆச்சு. பசங்களுக்கும் இப்பிடியேதான் சொல்லித்தர்றேன்."

ரெஹானா சிரித்தாள், ஒலிப்பதிவுக்காரரும் சிரித்தார். வேதமூர்த்தி குனிந்து ஏதோ ஒயரைச் சரிசெய்தார். டேப்பில் மட்டும்தான் அழித்தோம் என்று இத்தனை வருஷம் நினைத்துக்கொண்டிருந்தது எவ்வளவு சௌகரியமான நினைப்பு. "நார்மன்," என்றார், "கொஞ்சம் பின்னாடி வந்து ஒரு தடவ பாரேன். பழைய மாதிரி. அந்த இழுவையோட." நார்மன் வியப்பாகப் பார்த்தான். "அது எதுக்கு மேன்?" என்றான், ஆனாலும் நண்பன் கேட்டுவிட்டானே என்று கண்ணை மூடி முயன்றான். விரல் தயங்கியது, ஒரு தடவை ரொம்பப் பின்னால் போய்த் தடுமாறியது, ஒரு தடவை முந்தியது, அப்புறம் மாடு தொழுவத்துக்குத் திரும்புகிற மாதிரி தானாகவே டிரம்மோடு போய்ச் சேர்ந்துகொண்டது. நார்மன் கையை உதறினான். "வரமாட்டேங்குது மேன். எப்பவோ வுட்டுப் போச்சு. நல்லதாப் போச்சு, எல்லாம் ஒன்னாலதான். வேற எவனா இருந்தாலும் அன்னைக்கி இவன் வேணாம், வேற ஆளப் போடுன்னு சொல்லிருப்பான். நீதான் என்ன நம்பி வாசிக்க வச்ச." அப்படிச் சொல்லி, கேமரா பார்க்கப் பார்க்க, வேதமூர்த்தியின் கையைப் பிடித்துக்கொண்டான். இப்போது சொல்லலாம். சொன்னால் அந்தப் பெரம்பூர் முன்னறையும், போர்டும், நாலு வருஷமும், இந்தக் கையும் யாருடையவை என்று ஆகும்? சொல்லாவிட்டால்? புதிதாகப் பதிந்ததை ஆறாவதில் வைத்தாலும் ஒன்றுதான், வைக்காவிட்டாலும் ஒன்றுதான், உலகத்தில் எந்தக் காதுக்கும் வித்தியாசம் தெரியாது. நார்மன் கித்தாரை மறுபடியும் மடியில் ஏற்றிக்கொண்டான். "இன்னோர் தடவ வேணா வாசிக்கட்டுமா?" என்றான்.

"வேணாம் நார்மன்" என்றார் வேதமூர்த்தி. "ரொம்ப சரியா இருக்கு."